உதட்டுச்சாயம் பூசிய கன்னியாஸ்திரி: கேத்லீன் பைரன் பற்றிக் கேள்வி பதில்

கே: கேத்லீன் பைரன் என்ற பெயரையே இப்போதுதான் கேள்விப்படுகிறேன். யார் அண்ணே இவர்?

ப: முகத்தைப் பார்த்திருப்பீர்கள், பெயர் பதிந்திருக்காது. 'சேவிங் பிரைவேட் ரயன்' முடிவில், கல்லறைத் தோட்டத்தில் கிழவர் ரயன் தன் மனைவியிடம் 'நான் நல்லவனா?' என்று கேட்பாரே, அந்த மனைவி இவர்தான். படம் வந்த 1998இல் அவருக்கு 77 வயது. லண்டன்காரர். ஆனால் இவர் பெயர் நிற்பது 1947இல் வந்த 'பிளாக் நார்சிசஸ்' படத்தால். அதில் மனம் பேதலித்துப் போகும் கன்னியாஸ்திரி சிஸ்டர் ரூத் இவர்தான்.

கே: அது டார்ஜிலிங்கில் எடுத்த படம்தானே?

ப: கதைதான் அந்தப் பக்கம். எடுத்தது லண்டனை ஒட்டிய பைன்வுட் ஸ்டூடியோவில். மலைமுகட்டு மணிமேடைக்குக் கீழே தெரியும் பாதாளம்கூட ஓவியம்தான்! நம் மைசூர்ப் பக்கத்து சாபு அதில் இளவரசனாக வருகிறார். ஒளிப்பதிவுக்கும் கலை இயக்கத்துக்கும் ஆஸ்கர் கிடைத்தது.

கே: ஒளிப்பதிவு படிக்கிறேன். ரூத்தைப் பார்த்தாலே வயிற்றைப் பிசைகிறது. எப்படிச் சாதித்தார்கள்?

ப: மெழுகுவர்த்திக் காட்சியைத் திரும்பப் பாருங்கள் தம்பி. துறவு உடையைக் கழற்றிவிட்டு அடர்சிவப்பு கவுனில் ரூத் உட்கார்ந்திருக்கிறாள். எதிரே தலைமைச் சகோதரியாக டெபோரா கெர், கையில் பைபிள். ரூத் நிதானமாக உதட்டுச்சாயம் பூசுகிறாள், திரை முழுக்க அந்த உதடுதான். கத்தலும் இல்லை, கண்ணை உருட்டலும் இல்லை. அதுவரை வெள்ளை உடைகளையே பார்த்துப் பழகிய நம் கண்ணில் அந்தச் சிவப்பு சுரீர் என்று தைக்கிறது. அப்புறம் உச்சக்கட்டத்தில் வெளிறிய முகமும் ஓரம் சிவந்த கண்களுமாகக் கதவைத் திறந்து வருவாள். ஒளிப்பதிவாளர் ஜாக் கார்டிஃபின் ஒளியமைப்புக்குப் பாதிப் புகழ் சேரட்டும். அந்த நிதானம் பைரனுடையது.

கே: இவ்வளவு நன்றாக நடித்தவர் ஏன் பெரிய நட்சத்திரமாகவில்லை?

ப: நன்றாக நடித்ததே வினையானது என்பேன். இந்த வேடத்தைத் தரும்போதே இயக்குநர் மைக்கேல் பவல், இதைப் போல் இன்னொன்று உங்களுக்குக் கிடைக்காது என்று சொல்லிவிட்டாராம். ஏறக்குறைய அப்படியே ஆனது. அடுத்தடுத்து வந்ததில் பல, உள்ளுக்குள் புழுங்கும் பெண் வேடங்கள். ஹாலிவுட்டில் 1953இல் 'யங் பெஸ்' செய்தார், அது பெரிய கதவு எதையும் திறக்கவில்லை. பிறகு சிறு பட்ஜெட் படங்கள், டிவி. வேலை நிற்கவில்லை, முதல் வரிசைதான் கைநழுவிப் போனது. 2009இல் காலமானார்.

கே: பைத்தியக்காரி வேடம் தவிர வேறு வராதோ?

ப: அப்படிச் சொன்னால் சண்டைக்கு வருவேன்! 1949இன் 'தி ஸ்மால் பேக் ரூம்' பாருங்கள். செயற்கைக் காலும் விஸ்கி ஆசையுமாகத் தவிக்கும் வெடிகுண்டு நிபுணனைத் தாங்கிப் பிடிக்கும் காதலி சூசன். ரூத்தாக நடித்தவரா இவர் என்று தோன்றும். என் கணக்கில் ரூத்தைவிட இதுவே கடினமான வேலை.

கே: வேறு எதில் பார்க்கலாம்?

ப: 1946இன் 'எ மேட்டர் ஆஃப் லைஃப் அண்ட் டெத்' படத்தில் வானுலகத் தேவதை. 'எலிஃபண்ட் மேன்', 1996இன் 'எம்மா' இரண்டிலும் வருகிறார், ஆனால் இவர்தானா என்று உற்றுப் பார்ப்பதற்குள் காட்சி முடிந்துவிடும்.