சீஹாக்ஸ் 1943: போர்க்காலக் கடற்படை அணி பற்றிய கேள்வி பதில்

இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்காவின் அயோவா சிட்டியில், பல்கலைக்கழக வளாகத்திலேயே கடற்படை ஒரு விமானிப் பயிற்சிப் பள்ளி நடத்தியது. அதன் கால்பந்து அணிதான் சீஹாக்ஸ். 1943 பருவத்தில் ஆடிய பத்து ஆட்டங்களில் ஒன்பதை வென்று, நாட்டிலேயே இரண்டாம் இடம் பிடித்தது. அந்த அணி பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்கிறேன். கால்பந்து என்று நான் எழுதுவதெல்லாம் முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அமெரிக்கக் கால்பந்தைத்தான்.

கேள்வி: சார், போருக்குப் போக வேண்டிய பையன்களுக்குக் கால்பந்து எதற்கு?

கடற்படை அதைப் பொழுதுபோக்காக நினைக்கவில்லை. விமானிப் பயிற்சியின் உடற்பயிற்சித் திட்டத்தை வகுத்தவர் டாம் ஹாமில்டன். கடற்படை அகாடமி அணிக்கே முன்பு கோச்சாக இருந்தவர். அடிபட்டாலும் எழுந்து ஓடுவது, நொடியில் முடிவெடுப்பது, பக்கத்தில் இருப்பவனை நம்புவது எல்லாம் ஆட்டத்தில் பழகும் என்பது அவர் கட்சி. அதனால் நீச்சல், குத்துச்சண்டை, மல்யுத்தம் போலக் கால்பந்தும் பாடத்திட்டத்தில் இருந்தது. வெளி அணிகளோடு மோதிய சீஹாக்ஸ் அதன் உச்சி.

கேள்வி: தொழில்முறை ஆட்டக்காரர்களை வைத்துக்கொண்டு கல்லூரிப் பையன்களை அடிப்பது நியாயமா அண்ணா?

நியாயமான கேள்வி தம்பி. வாஷிங்டன் தொழில்முறை அணியில் ஆடிய டிக் டாட் போன்றவர்கள் சீஹாக்ஸில் இருந்தது உண்மை. ஒஹையோ ஸ்டேட்டை 28-13 என்று வென்றதை நான் பெரிதாகச் சொல்ல மாட்டேன். 1942-ல் சாம்பியனான கல்லூரிதான் அது. ஆனால் தரைப்படை, அந்தக் கல்லூரியில் இருந்த தன் பயிற்சி மாணவர்களைக் கல்லூரி அணியில் ஆட விடவில்லை. அதனால் 1943-ல் அங்கே மிஞ்சியவர்கள் பெரும்பாலும் பதினேழு, பதினெட்டு வயதுப் பையன்கள்.

ஆனால் இன்னொரு பக்கமும் இருக்கிறது. பள்ளியின் பயிற்சி சுமார் மூன்று மாதம்தான். முடித்தவன் அடுத்த கட்டப் பயிற்சிக்குக் கிளம்பிவிடுவான், அணிக்கு நாளை ஆட்டம் இருந்தாலும் சரி. இப்படி ஆள் மாறிக்கொண்டே இருக்கும் அணியை வைத்து ஒன்பது ஆட்டம் வென்றது சாதாரண விஷயம் இல்லை.

கேள்வி: தோற்ற அந்த ஒரு ஆட்டத்தைப் பற்றிச் சொல்லுங்கள்.

நவம்பர் 20, நோட்ர டாம் பல்கலைக்கழக மைதானம். தரவரிசையில் முதல் அணியும் இரண்டாம் அணியும் நேருக்கு நேர். நோட்ர டாமின் நட்சத்திர குவார்ட்டர்பேக் (பந்தை வாங்கித் தாக்குதலை நடத்துபவர்) ஏஞ்சலோ பெர்ட்டெல்லி பருவத்தின் நடுவிலேயே மரைன் படைப் பயிற்சிக்குப் போய்விட்டார். ஆறே ஆட்டம் ஆடியவருக்குத்தான் அந்த ஆண்டின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கான ஹைஸ்மன் விருது. அவர் இடத்தில் நின்றவர் 18 வயது ஜானி லூஜாக்.

இரண்டு அணிகளும் ஆளுக்கு இரண்டு டச்டவுன் போட்டன. பந்தை எதிரணியின் எல்லைக் கோட்டுக்கு அப்பால் கொண்டுபோவதுதான் டச்டவுன், அதற்கு ஆறு புள்ளி. அதன்பின் பந்தைக் கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் இன்னொரு புள்ளி. நோட்ர டாம் இரண்டு உதையையும் போட்டது. சீஹாக்ஸ் ஒன்றைத் தவறவிட்டது. 14-13. எத்தனை முறை படித்தாலும் மனசு ஆறாத ஸ்கோர் இது.

இன்னொன்றையும் கவனியுங்கள். நோட்ர டாம் அணியிலும் கடற்படை, மரைன் பயிற்சி மாணவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். கடற்படை தன் மாணவர்களை ஆட அனுமதித்ததே காரணம்.

கேள்வி: அடுத்த வாரமே நோட்ர டாம் தோற்றதாமே? பிறகும் எப்படி சாம்பியன்?

ஆமாம். நவம்பர் 27 அன்று கிரேட் லேக்ஸ் கடற்படைப் பயிற்சி நிலைய அணி 19-14 என்று வென்றது. கடைசி நிமிடத்தில் ஸ்டீவ் லாக் வீசிய நீண்ட பந்தைப் பிடித்து பால் ஆண்டர்சன் டச்டவுன் போட்டார். அதே நாளில் சீஹாக்ஸ் மினசோட்டாவை 32-0 என்று நொறுக்கியது. ஆனால் அன்று சாம்பியனைத் தீர்மானித்தது பத்திரிகையாளர்களின் வாக்கு. நோட்ர டாம் சந்தித்த எதிரணிகளின் பலத்தைப் பார்த்து அவர்களையே முதலிடத்தில் வைத்தார்கள். என் கருத்தில் அது சரியான முடிவுதான். நேரடி ஆட்டத்தில் வென்றவர்கள் அவர்கள்.

கேள்வி: நைல் கின்னிக் இந்த அணியில் ஆடினாரா?

இல்லை. அவர் அயோவா பல்கலைக்கழகத்துக்கு ஆடி 1939-ல் ஹைஸ்மன் விருது வாங்கியவர். கடற்படை விமானியாகி, 1943 ஜூன் 2 அன்று பயிற்சிப் பறப்பின்போது கடலில் விழுந்து இறந்தார். அவர் ஆடிய மைதானத்துக்கு 1972-ல் அவர் பெயரையே வைத்தார்கள்.

கேள்வி: கோச் டான் ஃபராட் பற்றி?

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். ஃபராட் மிசூரி பல்கலைக்கழகக் கோச். போர் வந்ததும் கடற்படையில் சேர்ந்து, ஒரே ஒரு பருவம் சீஹாக்ஸை நடத்தினார். அந்தப் பருவத்தில் தன் சொந்த மிசூரியையே 21-6 என்று வெல்ல வேண்டியிருந்தது.

ஸ்பிளிட் டி என்ற ஆட்டமுறையை 1941-ல் மிசூரியில் உருவாக்கியவர் அவர். முன்வரிசை ஆட்கள் வழக்கத்தைவிட அகலமாகத் தள்ளி நிற்பார்கள். குவார்ட்டர்பேக் பின்னால் போகாமல், பந்தோடு வரிசையை ஒட்டியே பக்கவாட்டில் ஓடுவார். எதிரணியின் ஓரத்துக் காவலரை யாரும் தடுக்க மாட்டார்கள். அவர் குவார்ட்டர்பேக்கைப் பிடிக்க வந்தால் பந்து வெளியே ஓடுபவருக்குப் போகும். வெளியே ஓடுபவரைக் குறிவைத்தால் குவார்ட்டர்பேக்கே உள்ளே வெட்டி ஓடிவிடுவார். எதைச் செய்தாலும் அந்தக் காவலர் செய்தது தப்பாகிவிடும்.

இதை அயோவா சிட்டியில் பக்கத்திலிருந்து கற்றவர்கள் அவருடைய உதவிக் கோச்கள் ஜிம் டேட்டமும் பட் வில்கின்சனும். போருக்குப் பின் டேட்டம் மேரிலாண்டையும், வில்கின்சன் ஓக்லஹோமாவையும் இதே முறையால் உச்சிக்குக் கொண்டுபோனார்கள். 1954 ஜனவரி 1 அன்று, பருவ முடிவில் நடக்கும் ஆரஞ்சு பௌல் ஆட்டத்தில் இருவரும் எதிரெதிரே நின்றார்கள், ஓக்லஹோமா 7-0 என்று வென்றது. அப்போது ஓடிக்கொண்டிருந்த ஓக்லஹோமாவின் வெற்றித் தொடர் 47 ஆட்டம் வரை போனது. 1943 சீஹாக்ஸை நான் இவ்வளவு முக்கியமாக நினைப்பதற்கு அந்த இரண்டாம் இடத்தைவிட இதுதான் காரணம்.

கேள்வி: அப்படியென்றால் ஃபராட்டுக்கு என்ன லாபம்?

1946-ல் மிசூரிக்குத் திரும்பினார். 1956 வரை இருந்தார். அந்தப் பதினோரு பருவங்களில் ஓக்லஹோமாவை ஒரு முறைகூட அவரால் வெல்ல முடியவில்லை.