மிஸ் ரில்லாவைப் பற்றிக் கட்டுரை எழுதலாமா? – வாசகர் கேள்வி பதில்

சென்ற இதழில் ஜமைக்கா நாட்டுச் சிறுகதைகளைப் பற்றி அரைப் பக்கம் எழுதியிருந்தேன். அதற்கு இத்தனை கடிதங்கள் வந்ததில் மனசு நிறைந்துவிட்டது. 1990களின் பிற்பாதியில் மூன்று ஆண்டுகள் கிங்ஸ்டன் நகரின் வடகிழக்கு ஓரத்தில், பபீன் சந்தைக்குப் பக்கத்தில், ஒரு வீட்டின் பின்கட்டில் குடியிருந்தவள் நான். அந்த ஊர்க் கதைகளில் பாதியை வீட்டுக்கார அம்மாவின் வராந்தாவில் உட்கார்ந்து காதால் கேட்டுத்தான் தெரிந்துகொண்டேன். அந்த நினைவிலிருந்தே பதில் சொல்கிறேன்.

கேள்வி: ஜமைக்கா என்றால் எனக்குப் பாப் மார்லியையும் உசேன் போல்ட்டையும்தான் தெரியும். கதைகளில் எங்கே தொடங்குவது? (கல்லூரி மாணவி ஒருவர்)

பதில்: ஆலிவ் சீனியரிடம் தொடங்குங்கள். 1986இல் வெளிவந்த 'சம்மர் லைட்னிங்', பத்துக் கதைகள் கொண்ட சின்னத் தொகுப்பு. மறு ஆண்டு காமன்வெல்த் எழுத்தாளர் பரிசு பெற்றது. சீனியர் 1941இல் ட்ரெலானி மாவட்டத்தில் பிறந்தவர். ஏழை வீடு ஒன்று, வசதியான உறவினர் வீடு ஒன்று என இரண்டுக்கும் நடுவே வளர்ந்தவர். அவருடைய கதைக் குழந்தைகளும் அப்படித்தான், யாரோ ஒருவர் வீட்டில் விடப்பட்டிருப்பார்கள்.

'பிரைட் தர்ஸ்டேஸ்' என்ற கதையில் ஒரு சிறுமி. அம்மா கறுப்பு, ஏழை. அப்பாவைப் பெற்றவர்கள் வெளிர்நிறத்தவர், பெரிய வீட்டுக்காரர்கள். பேத்தி அந்தப் பெரிய வீட்டுக்கு அனுப்பப்படுகிறாள். அந்தச் சாப்பாட்டு மேசையில் அவளுக்குச் சோறு இறங்குவதில்லை. அமெரிக்காவிலிருந்து அப்பா வருவார், தன்னைப் பார்ப்பார் என்று காத்திருக்கிறாள். அப்பா வருகிறார், புது மனைவியோடு. மிச்சத்தை நீங்களே படியுங்கள். தோல் நிறம் அந்தத் தீவில் எப்படி ஒரு படிக்கட்டாக இருக்கிறது, யார் எந்தப் படியில் நிற்கிறார்கள் என்பதை எந்த வரலாற்று நூலும் எனக்கு இவ்வளவு தெளிவாகக் காட்டியதில்லை.

அதே தொகுப்பில் கடைசியாக இருக்கும் 'பாலட்' கதையை மட்டும் வாய்விட்டுப் படியுங்கள். ஏன் என்பதை அடுத்த பதிலில் சொல்கிறேன்.

கேள்வி: ஜமைக்கா நாவல்களைப் புரட்டினால் ஆங்கிலம் உடைந்து உடைந்து வருகிறது. இலக்கணப் பிழையோடு எழுதுவதற்கு ஏன் இவ்வளவு பாராட்டு? (ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியர்)

பதில்: ஐயா, உங்கள் மேல் கோபமில்லை. ஆனால் இந்தக் கேள்விக்குத்தான் நீளமாகப் பதில் எழுதப்போகிறேன்.

அது உடைந்த ஆங்கிலம் கிடையாது. ஜமைக்கா மக்கள் பேசும் பாட்வா என்பது தனி மொழி. சொற்களில் பெரும்பாலானவை ஆங்கிலத்திலிருந்து வந்தவை. இலக்கணம் அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட மேற்கு ஆப்பிரிக்க மக்களின் வாயில் உருவானது. வினைச்சொல் உருமாறாது. 'டிட்' முன்னால் வந்தால் முடிந்தது, 'ஆ' வந்தால் நடந்துகொண்டிருப்பது, 'வி' வந்தால் இனி நடப்பது. பலரை ஒன்றாக விளிக்க 'உனு' என்று ஒரு சொல், இக்போ மொழியிலிருந்து வந்தது. நம் 'நீங்கள்' போல. ஆங்கிலத்தில் ஒருவருக்கும் பலருக்கும் ஒரே 'யூ'தான், இல்லையா? நாம் 'கள்' சேர்ப்பது போல அவர்கள் 'டெம்' சேர்ப்பார்கள். 'பிக்னி டெம்' என்றால் பிள்ளைகள். ஆள் பெயரோடும் அது சேரும். 'மேரி டெம்' என்றால் மேரியும் அவளைச் சேர்ந்தவர்களும், அதாவது மேரி வகையறா! முதன்முதலில் அதைக் கேட்டபோது சந்தைக்கு நடுவில் நின்று சிரித்துவிட்டேன். இரட்டைக்கிளவிக்கும் பஞ்சமில்லை. அலங்கோலமாகக் கிடந்தால் 'சாகா-சாகா'. சேறும் சகதியுமாக இருந்தால் 'புட்டா-புட்டா'.

1967இலேயே காசிடியும் லெ பேஜும் இந்த மொழிக்குப் பேரகராதி கொண்டுவந்தார்கள். 2012இல் புதிய ஏற்பாடு முழுவதும் பாட்வாவில் அச்சானது. இருந்தும் ஆட்சிமொழி ஆங்கிலம்தான்.

இனி இலக்கியத்துக்கு வருகிறேன். கிளாரெண்டன் மாவட்டத்து விவசாயி மகன் கிளாட் மெக்கே 1912இலேயே பாட்வாவில் கவிதைத் தொகுப்பு வெளியிட்டார். நாவலில் நிலைமை வேறு. பாத்திரங்கள் மட்டும் மேற்கோள் குறிக்குள் பாட்வா பேசுவார்கள். குறிக்கு வெளியே கதை சொல்பவர் துவைத்துத் தேய்த்த ஆங்கிலத்தில் நிற்பார். பேசுகிறவர்கள் ஒரு பக்கம், அவர்களைப் பற்றிப் பேசுகிறவர் மறுபக்கம். ஜமைக்கா நாவலின் வரலாற்றை ஒரே வரியில் சொல்லச் சொன்னால், பாட்வா மேற்கோள் குறியை விட்டு வெளியே வந்த கதை என்பேன்.

அந்தக் குறியை முதலில் துணிந்து அழித்தவர் விக் ரீட். 1949இல் வந்த 'நியூ டே' நாவலை எண்பதைத் தாண்டிய கிழவர் ஒருவர் தன் பேச்சு மொழியின் சாயலிலேயே தொடக்கம் முதல் முடிவு வரை சொல்கிறார். சொல்வது எதை? 1865 மோரன்ட் பே கிளர்ச்சியை. பாப்டிஸ்ட் சபையின் உதவிக் குருவான பால் போகில் தலைமையில் ஏழை விவசாயிகள் நீதிமன்றத்தை நோக்கி நடந்தார்கள். கவர்னர் அயர் ராணுவச் சட்டம் போட்டு நானூறுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்றார். பிரிட்டிஷ் பேரரசின் கண்ணில் போகில் தூக்குத்தண்டனைக் கைதி. இன்று அவர் ஜமைக்காவின் தேசிய வீரர்களில் ஒருவர். ரீட் அந்தச் சம்பவத்தை லண்டன் ஆவணங்களின் மொழியிலிருந்து எடுத்து, அப்போது சிறுவனாக இருந்து பார்த்தவரின் வாயில் வைத்தார். 1944இல் எல்லோருக்கும் வாக்குரிமை தந்த புதிய அரசியல் சட்டம் வரும் நாளில் அந்தக் கிழவர் நினைத்துப் பார்க்கிறார். மொழியை மாற்றியதும் சாட்சியும் மாறிவிட்டார், ஐயா.

நாவலுக்கு வெளியே இந்த வேலையைச் செய்தவர் லூயிஸ் பென்னட். ஊரே அவரை மிஸ் லூ என்று அழைத்தது. வானொலியில், மேடையில், எழுபதுகளில் குழந்தைகளுக்கான தொலைக்காட்சி நிகழ்ச்சியில் கூச்சமில்லாமல் பாட்வா பேசினார். அவர் பெயரைச் சொன்னாலே எங்கள் வீட்டுக்கார அம்மா முகம் மலர்ந்துவிடும்.

அந்த அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். வங்கிக்குப் போன் பேசும்போது ஆங்கிலம். போனை வைத்த அடுத்த நொடி, அந்த வங்கிக்காரரைப் பற்றிய அபிப்பிராயம் முழுக்கப் பாட்வா. ஒரு நாள் மாலை அவருக்கு 'பாலட்' கதையைப் படித்துக் காட்டினேன். லெனோரா என்ற சிறுமி சொல்லும் கதை. மறக்க முடியாத மனிதரைப் பற்றிக் கட்டுரை எழுதச் சொல்கிறார் ஆசிரியர். அவள் மிஸ் ரில்லாவைப் பற்றி எழுதுகிறாள். ஆசிரியர் தாள்களைக் கிழித்துப் போடுகிறார். மிஸ் ரில்லா கட்டுரை எழுதத் தகுந்த ஆள் இல்லையாம். வகுப்பு ஏற்க மறுத்த அதே ஆளை, பள்ளிக்கூடம் ஏற்காத அதே மொழியில், அவள் நமக்குச் சொல்லத் தொடங்குகிறாள்.

நான் ஒரு பக்கம் படித்திருப்பேன். "கொடு இங்கே, நீ கொலை செய்கிறாய்" என்று புத்தகத்தைப் பிடுங்கி அவரே படித்தார். நான் முக்கித் திணறிய வாக்கியங்கள் அவர் வாயில் தண்ணீர் மாதிரி ஓடின. கொஞ்ச நேரத்தில் நிறுத்தினார். சிறுவயதில் பாட்வா பேசியதற்காகக் கைமுட்டியில் அடி வாங்கியவர் அவர். "என் தாளையும் கிழித்தார்கள்" என்றார். அப்புறம் விட்ட இடத்திலிருந்து படித்தார். இருட்டி, கொசு கடிக்கத் தொடங்கிய பிறகும் நிறுத்தவில்லை.

இலக்கணப் பிழை என்று நீங்கள் எழுதியதைப் படித்தபோது எனக்கு அந்த வராந்தாதான் நினைவுக்கு வந்தது.

கேள்வி: ராஸ்தஃபாரிகள் கதைகளில் எப்படி வருகிறார்கள்? பாட்டில் பார்ப்பது போலத்தானா?

பதில்: ராஸ்தஃபாரி ஜமைக்காவில் பிறந்த ஒரு சமய இயக்கம், தாடியும் சடைமுடியும் அதன் அடையாளம். மார்லி போன்றவர்களின் பாட்டு அவர்களை உலகுக்குக் கொண்டுபோவதற்கு வெகு முன்பே நாவல் அவர்களைப் பார்த்துவிட்டது. ரோஜர் மெய்ஸ் எழுதிய 'பிரதர் மேன்' 1954இல் வந்தது. தாடி வைத்தவனைக் கண்டாலே ஊர் அஞ்சிய காலம். நாயகன் ராஸ்தஃபாரி நம்பிக்கை கொண்ட செருப்புத் தைப்பவர், கிங்ஸ்டன் சந்து ஒன்றில் எல்லோருக்கும் ஆறுதல் சொல்கிறவர். வேறு எவனோ தாடிக்காரன் செய்த குற்றத்துக்காகக் கூட்டம் அவர்மேல் பாய்கிறது. மெய்ஸ் மனசிலிருந்து எழுதியவர். 1944இல் பேரரசைக் கண்டித்துக் கட்டுரை எழுதியதற்காக ஆறு மாதச் சிறைத் தண்டனை பெற்றவர். 1955இலேயே இறந்துவிட்டார்.

அதோடு சேர்த்துக் கீ மில்லரின் 'ஆகஸ்ட்டவுன்' (2016) படியுங்கள். 1982இல் ஒரு பள்ளி ஆசிரியர் ராஸ்தஃபாரிச் சிறுவனின் சடைமுடியை வெட்டிவிடுகிறார். அந்த முடி ஒரு விரதம், அதில் கத்தி படக் கூடாது. அழுதுகொண்டு வரும் பையனைப் பார்வையில்லாத பாட்டி மடியில் இருத்தி, தன் சிறுவயதில் கண்ட போதகர் பெட்வர்டின் கதையைச் சொல்கிறார். பெட்வர்ட் நிஜ மனிதர். ஹோப் ஆற்றில் ஞானஸ்நானம் கொடுத்தவர். 1920 டிசம்பர் 31 அன்று வானத்துக்குப் பறப்பேன் என்று அறிவித்தவர். மறு ஆண்டு அவரைப் பிடித்து மனநல விடுதியில் அடைத்தார்கள். 1930இல் அங்கேயே இறந்தார். அவரைப் பைத்தியம் என்று எழுதி வைத்தவர்களிடமிருந்து அவருடைய கதையைப் பாட்டி மீட்கிறார். நிஜ ஆகஸ்ட் டவுன் எங்கள் வீட்டிலிருந்து நடந்து போகும் தூரத்தில்தான் இருந்தது. அங்கே பெட்வர்டின் தேவாலயக் கற்சுவர்கள் கூரையில்லாமல் நின்றன. அந்த நாவல் வந்தபோது நான் அந்த ஊரில் இல்லையே என்று ஏங்கினேன்.

கேள்வி: புக்கர் பரிசு பெற்ற மார்லன் ஜேம்ஸ் நாவலை வாங்கிவிட்டேன். நூறு பக்கம் தாண்ட முடியவில்லை.

பதில்: மூடி வையுங்கள், தவறே இல்லை. 1976 டிசம்பர் 3 அன்று பாப் மார்லியின் வீட்டில் துப்பாக்கிக்காரர்கள் நுழைந்து சுட்டதைச் சுற்றி எழுதப்பட்ட பெரிய நாவல் அது. இரண்டு கட்சிகள், கட்சிக்கு ஒன்றாகப் பிரிந்த சேரிகள், தேர்தல் நேரத்துத் துப்பாக்கிகள் என்ற பின்னணி தெரியாமல் நுழைந்தால் மூச்சு முட்டும். வன்முறையும் கடுமை. ஜமைக்காக் கதைகளில் ஐந்தாறு படித்த பிறகு திரும்பி வாருங்கள். ஒவ்வொரு குரலும் வேறு வேறு அளவில் பாட்வா பேசுவது அப்போது காதில் விழும். 2015இல் புக்கர் பெற்ற முதல் ஜமைக்கர் அவர்.

கேள்வி: அங்கே இந்தியர்களும் உண்டாமே?

பதில்: உண்டு. 1845 மே 10 அன்று 'பிளண்டெல்' கப்பல் ஓல்ட் ஹார்பர் பே கரையில் ஒப்பந்தக் கூலிகளை இறக்கியது. அடிமை முறை ஒழிந்து கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்ட காலம். 'கஞ்சா' என்ற சொல்லும் ஆட்டுக்கறிக் குழம்பும் அவர்களோடு போனவை. சந்தையில் 'பாம்பே', 'ஈஸ்ட் இண்டியன்' என்றே மாம்பழங்களுக்குப் பெயர். கதைகளில் மட்டும், நான் படித்தவரை, ஓரமாகவே வருகிறார்கள். சீனக் கடைக்காரர்களுக்காவது பட்ரிஷியா பவல் 1998இல் 'தி பகோடா' என்று ஒரு நாவல் தந்தார். இந்தியர்களுக்கு அப்படி ஒன்று என் கண்ணில் படாதது எனக்கு நிஜமான வருத்தம்.

கேள்வி: என் மகள் வெளிநாட்டில் வேலைக்குப் போய், பேரக்குழந்தை என்னிடம் வளர்கிறாள். இந்த மாதிரிக் கதை உண்டா? (ஒரு பாட்டி)

பதில்: அம்மா, உங்களுக்காகவே நிக்கோல் டென்னிஸ்-பென்னின் 'பாட்சி' (2019) இருக்கிறது. ஐந்து வயது மகளை விட்டுவிட்டு அமெரிக்கா போகும் பெண்ணின் கதை. தாயின் பக்கமும் மகளின் பக்கமும் மாறி மாறி வரும். தாயைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றவும் மாட்டார், தப்பவிடவும் மாட்டார்.

ஜமைக்காவில் இப்படி வளரும் பிள்ளைகளுக்குப் 'பேரல் சில்ட்ரன்' என்று பெயர். பெற்றவர்கள் பெரிய பீப்பாயில் அரிசி, சோப்பு, சப்பாத்து, பள்ளிப் பை எல்லாம் அடைத்துக் கப்பலில் அனுப்புவார்கள். எங்கள் வீட்டுக் கொல்லையில் அப்படிக் காலியான நீலப் பீப்பாய்கள் மூன்று இருந்தன. குழாயில் தண்ணீர் நிற்கும் நாளுக்காக நிரப்பி வைப்போம். ஒன்றின் மூடியில் வீட்டுக்கார அம்மாவின் பெயர் அவருடைய மகளின் கையெழுத்தில் இருந்தது. அந்தப் பக்கம் மட்டும் வெயில் படாமல் திருப்பி வைத்திருப்பார்.

கேள்வி: 'பாலட்' கதையைத் தமிழில் நீங்களே பெயர்க்கலாமே? எந்த வட்டார வழக்கில் செய்வீர்கள்?

பதில்: நாலு வருடமாக அந்தக் கதை என் மேசையில்தான் கிடக்கிறது. நம் வட்டார வழக்கு ஒன்றில் வைத்தால் லெனோரா அந்த ஊர்ப் பெண்ணாகிவிடுவாள், ஜமைக்கா காணாமல் போய்விடும். எழுத்துத் தமிழில் வைத்தால் அந்த ஆசிரியர் கிழித்ததை நானும் ஒருமுறை கிழித்தது போலாகும். அதனால் எந்த ஊரின் முத்திரையும் இல்லாத பேச்சுத் தமிழில், நீண்ட மூச்சு வாக்கியங்களாக, இரட்டைக்கிளவிகளைத் தாராளமாகப் போட்டு எழுதிப் பார்க்கிறேன். மூன்று பக்கம் தேறியிருக்கிறது.

இன்னும் ஓர் இடத்தில் நிற்கிறேன். ஜமைக்காப் பெண்கள் உதட்டைக் குவித்து, பல்லிடுக்கில் காற்றை உறிஞ்சி ஓர் ஒலி எழுப்புவார்கள். 'கிஸ்-டீத்' என்று பெயர். எரிச்சல், அலட்சியம், 'போடா நீயும் உன் பேச்சும்' எல்லாம் அதில் அடங்கும். கோபம் எவ்வளவோ அவ்வளவு நீளம். 'உச்சுக் கொட்டினாள்' என்று எழுதினால் இரக்கம் கலந்துவிடுகிறது. 'ச்சே என்றாள்' என்றால் வாய் திறந்துவிடுகிறது. அவர்கள் வாயைத் திறப்பதே இல்லை. உங்கள் வீட்டுப் பெரியவர்களிடம் இதற்கு ஒரு சொல் இருந்தால், தயவுசெய்து ஓர் அஞ்சலட்டையில் எழுதி அனுப்புங்கள்.