பிஎச்.டி. இன்கிரிமென்ட்: ஒன்பது மனு கொடுத்தும் கிடைக்கவில்லை

கேள்வி: திருநெல்வேலி மாவட்டத்தில் அரசு உதவி பெறும் கல்லூரி ஒன்றில் 2001 முதல் வணிகவியல் ஆசிரியையாக இருக்கிறேன். 2010 பிப்ரவரியில் பகுதிநேரமாகப் பதிவு செய்து 2015 அக்டோபரில் முனைவர் பட்டம் பெற்றேன். மூன்று இன்கிரிமென்ட் கேட்டு அனுப்பிய கருத்துருவை, ‘கோர்ஸ் ஒர்க் (ஆய்வோடு படிக்க வேண்டிய பாடங்கள்) சான்று இணைக்கப்படவில்லை’ என்று 2017-ல் கல்லூரிக் கல்வி இணை இயக்குநர் அலுவலகம் திருப்பிவிட்டது. எனக்குப் பின்னால் பட்டம் வாங்கியவருக்குக் கிடைத்துவிட்டது. கல்லூரிச் செயலர் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. ஒன்பது மனு கொடுத்துவிட்டேன். 2029-ல் ஓய்வு. உயர் நீதிமன்றத்தில் ரிட் போடலாமா?

பதில்: செயலர் பேசாதது நீதிமன்றத்துக்குத் தேவையில்லாத விஷயம். சக ஆசிரியருக்குக் கிடைத்ததும் அப்படித்தான். அவருக்குத் தவறாகக் கொடுத்திருந்தால், அதே தவறை உங்களுக்கும் செய்யுங்கள் என்று கேட்க முடியாது. அவர் பெயரை மனுவில் எழுதினால் அவருடைய கோப்பும் திறக்கும். அப்புறம் ஸ்டாஃப் ரூமில் உங்கள் பாடு.

உங்கள் வழக்கு 2017-ல் வந்த அந்த ஒற்றை வரியில்தான் நிற்கிறது. ஆராய்ச்சிப் படிப்புக்கு யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) 2009 ஜூலையில் புது விதிமுறை கொண்டுவந்தது. நீங்கள் பதிவு செய்தது அதற்குப் பிறகு. யுஜிசியின் 2010 ஒழுங்குமுறைப்படி, பணியில் இருந்துகொண்டே பட்டம் பெறுபவருக்கு மூன்று இன்கிரிமென்ட் உண்டு. ஆனால் சேர்க்கை, கோர்ஸ் ஒர்க், வெளித் தேர்வாளர் மதிப்பீடு எல்லாம் யுஜிசி சொன்ன முறையில் நடந்திருக்க வேண்டும். அதைப் பல்கலைக்கழகம் எழுத்தில் தருமா? தந்தால் வழக்கு உண்டு. தராவிட்டால் எந்த வக்கீலிடமும் பணம் கொடுக்காதீர்கள். யுஜிசி விதியை மட்டும் காட்டுவதும் போதாது. மாநில அரசு ஏற்றுக்கொண்டால்தான் யுஜிசி விதி மாநிலப் பல்கலைக்கழகங்களைக் கட்டுப்படுத்தும் என்று கல்யாணி மதிவாணன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015-ல் சொன்னதை வைத்து, ‘மாநிலம் ஏற்றுக்கொண்டதா?’ என்று அரசு வக்கீல் கேட்பார். அதற்குப் பதிலாக, ஆறாவது ஊதியக் குழுவுக்கான தமிழக அரசாணை 350-ஐயும் (9.9.2009) சேர்த்தே வையுங்கள்.

சான்று கையில் இருக்கிறது என்றே வைத்துக்கொள்வோம். என் கட்சிக்காரர்கள் விழுந்த குழி அதற்கு அப்புறம்தான் வருகிறது.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் போட்டு, ‘மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்’ என்று கேட்டால் சீக்கிரமே உத்தரவு வந்துவிடும். வீட்டில் இனிப்புகூட வாங்குவார்கள். சில வாரம் கழித்து அலுவலகம் நாலு பக்கத்தில் விரிவான மறுப்பு அனுப்பும். முன்பு ஒரு குறைதான் சொல்லியிருந்தார்கள். இப்போது முன் அனுமதி வாங்கவில்லை, பழைய எம்.ஃபில். இன்கிரிமென்டே தவறு என்றெல்லாம் புதிதாக வரும். ஒருவருக்கு அந்த மறுப்போடு பிடித்தம் செய்யும் உத்தரவும் சேர்ந்தே வந்தது. இல்லாத வம்பைத் தேடிப் போய் வாங்கியதுபோல் ஆயிற்று. பரிசீலிக்கச் சொன்ன உத்தரவால் காலங்கடந்த கோரிக்கைக்கு உயிர் வராது என்று சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றத்தில் 2008-லேயே சொல்லிவிட்டார்கள். உங்கள் ஒன்பது மனுவுக்கும் அதே கதிதான். கேட்பதானால் 2017 கடிதத்தை ரத்து செய்து ஊதியம் நிர்ணயிக்கச் சொல்லிக் கேளுங்கள்.

பணம் வந்த பிறகும் ஆபத்து இருக்கிறது. நிர்ணயத்தின்போது ‘அதிகமாகத் தந்திருந்தால் திருப்பித் தருகிறேன்’ என்று ஓர் உறுதிமொழியில் கையெழுத்து கேட்பார்கள். யாரும் படிப்பதில்லை. அதிகமாகத் தந்த சம்பளத்தைப் பிடித்தம் செய்யக் கூடாது என்ற உச்ச நீதிமன்றத்தின் ரபீக் மசி தீர்ப்பை எல்லோரும் கையில் வைத்திருக்கிறார்கள். அதன் முதல் பாதுகாப்பு சி, டி பிரிவு எனும் கீழ்நிலை ஊழியர்களுக்கானது. நீங்கள் அதில் வரமாட்டீர்கள். உறுதிமொழி தந்தவரிடம் பிடிக்கலாம் என்று ஜக்தேவ் சிங் வழக்கில் 2016-ல் தீர்ப்பே இருக்கிறது. ஆடிட் ஆட்சேபணை பெரும்பாலும் ஓய்வூதியக் கோப்பு போகும் நேரத்தில்தான் முளைக்கும். கை வைப்பது பணிக்கொடையில். அதனால் சான்று அசைக்க முடியாததாக இல்லையென்றால் இந்தப் பணத்தை வாங்காமல் இருப்பதே மேல்.

அரியர் ஆசையையும் குறைத்துக்கொள்ளுங்கள். தவறான சம்பள நிர்ணயம் மாதாமாதம் நீளும் தொடர் பாதிப்பு என்பதால் தாமதத்துக்காக வழக்கைத் தள்ளமாட்டார்கள். ஆனால் தர்சேம் சிங் தீர்ப்புப்படி, ரிட் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டு பாக்கி மட்டுமே கிடைக்கும். 2015-லிருந்து கணக்குப் போட்டு வைத்திருந்தால் அந்தத் தாளைக் கிழித்துவிடுங்கள்.

நான் உங்கள் இடத்தில் இருந்தால் அரியரே வேண்டாம், 2015 அக்டோபர் முதல் கருத்தியல் நிர்ணயம் (பழைய பாக்கி தராமல், கணக்கில் மட்டும் சம்பளத்தை உயர்த்துவது) மட்டும் போதும் என்று எழுதிக் கொடுப்பேன். உங்கள் பட்டம் 1.1.2016-க்கு முந்தையது. பட்டத்துக்கென முன்கூட்டிய இன்கிரிமென்ட் இனி கிடையாது என்ற 2.11.2017 மத்திய அரசுக் கடிதம், அந்தத் தேதி முதல் அமலான ஏழாவது ஊதியக் குழுவுக்கானது; உங்களைத் தடுக்காது என்று வாதிடலாம். 2015-ல் தர ஊதியமும் சேர்த்து 34,000 ரூபாய் வாங்கியிருந்தால், மூன்று சதவீதம் வீதம் மூன்று இன்கிரிமென்ட் 3,060. ஏழாவது ஊதியக் குழுவின் புதிய நிர்ணயத்தில் அது 2.57 மடங்காகி ஏறக்குறைய 7,860 ஆகும். ஓய்வூதியம் கடைசிச் சம்பளத்தைப் பார்த்துத்தான் போடுவார்கள். கஜானாவிலிருந்து உடனே பெரிய தொகை போகாது என்றால் அலுவலகமும் கொஞ்சம் இறங்கி வரும்.

பல்கலைக்கழகத்தில் சான்று கேட்டு இந்த வாரமே விண்ணப்பியுங்கள். அது வரும்வரை பத்தாவது மனு வேண்டாம்.