கக்குவான் தடுப்பூசியும் பேர்ல் கென்ட்ரிக்கும் – ஒரு கடிதம்

வணக்கம் சார்,

தென்காசி பக்கத்தில் ஓர் அரசு நடுநிலைப் பள்ளியில் அறிவியல் எடுக்கிறேன். அறிவியல் தினத்துக்காகப் பிள்ளைகள் பெண் விஞ்ஞானிகளைப் பற்றி சார்ட் தயாரிக்கிறார்கள். அதில் ஒன்றில் ‘கக்குவான் இருமல் தடுப்பூசியைக் கண்டுபிடித்தவர் பேர்ல் கென்ட்ரிக்’ என்று எழுதியிருந்தோம். உடன் வேலை பார்க்கும் ஆசிரியர் ஒருவர் அதைப் பார்த்துவிட்டு, ‘டென்மார்க்கில் மாட்ஸன் என்பவர் அதற்கு முன்பே இந்த ஊசியைப் போட்டிருக்கிறார். பெண் என்பதற்காக இல்லாததைச் சேர்த்து எழுதக் கூடாது’ என்றார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. தேடிப் பார்த்தால் கிரேஸ் எல்டரிங் என்று இன்னொரு பெயரும் வருகிறது. சார்ட்டில் ஒரு பெயருக்கும் இரண்டு வரிக்கும்தான் இடம். எப்படி எழுதினால் நியாயமாக இருக்கும்?

– பெயர் வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட ஓர் ஆசிரியை

அன்புள்ள டீச்சர்,

உங்கள் சக ஆசிரியர் சொன்ன தகவல் சரிதான். கக்குவான் கிருமியை 1906-இல் பிரஸ்ஸல்ஸில் போர்டே, ஜெங்கூ என்ற இரு விஞ்ஞானிகள் பிரித்தெடுத்தார்கள். கொஞ்ச காலத்திலேயே அந்தக் கிருமியைக் கொன்று ஊசியாகப் போட்டுப் பார்க்கும் முயற்சிகள் பல இடங்களில் தொடங்கிவிட்டன. 1920களில் டென்மார்க்குக்கு உட்பட்ட ஃபாரோ தீவுகளில் கக்குவான் பரவியபோது தோர்வால்ட் மாட்ஸன் போட்ட ஊசியால் ஓரளவு பலனும் தெரிந்தது. அதனால் ‘கண்டுபிடித்தவர்’ என்று எழுத வேண்டாம். ஆனால் இல்லாததைச் சேர்த்து கென்ட்ரிக்கைப் பெரிதாக்குகிறீர்கள் என்று அவர் நினைத்தால், அதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். கென்ட்ரிக் செய்தது மிகப் பெரிய வேலை. நீங்கள் அதைத் தவறான இடத்தில் தேடியிருக்கிறீர்கள், அவ்வளவுதான்.

1930 வாக்கில் நிலைமை எப்படி இருந்தது என்று பாருங்கள். சந்தையில் கக்குவான் தடுப்பூசிகள் இருந்தன. அவற்றை நம்பத்தான் யாருக்கும் வழியில்லை. ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகத் தயாரித்தார்கள், அளவும் ஆளுக்கு ஆள் மாறியது. ஊசி போட்ட குழந்தைக்கு நோய் வரவில்லை என்றால் அது ஊசியின் பலனா, இல்லை அந்தக் குழந்தை நோய் பக்கமே போகவில்லையா என்று சொல்ல முடியாது. இந்த ஊசிகள் பயன்படுவதற்கு ஆதாரமில்லை என்று அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் குழு 1931-இல் கைவிரித்துவிட்டது. அதே நாட்டில் அந்த நோயால் ஆண்டுக்கு ஆயிரக்கணக்கான குழந்தைகள் இறந்துகொண்டிருந்தன.

மிச்சிகன் மாநிலத்தின் கிராண்ட் ரேபிட்ஸ் நகரில், சுகாதாரத் துறையின் கிளை ஆய்வகத்தில் வேலை பார்த்தவர்கள் கென்ட்ரிக்கும் எல்டரிங்கும். சின்ன வயதில் இருவருக்குமே கக்குவான் வந்து போயிருந்தது. தண்ணீரையும் பாலையும் பரிசோதித்துச் சான்று கொடுப்பது போன்றவைதான் அவர்களுடைய அன்றாட வேலை. 1932-இன் கடைசியில் ஊரில் கக்குவான் பரவியபோது, அலுவலக நேரம் முடிந்த பிறகு இந்த ஆராய்ச்சியைத் தொடங்கினார்கள்.

உங்கள் பிள்ளைகளுக்கு நீங்கள் முதலில் சொல்ல வேண்டியது ‘இருமல் தட்டு’ பற்றித்தான். உருளைக்கிழங்குச் சாறும் ரத்தமும் சேர்ந்த கலவை உறைந்திருக்கும் ஒரு கண்ணாடித் தட்டு. அதை எடுத்துக்கொண்டு சாயங்காலத்தில் வீடு வீடாகப் போவார்கள். குழந்தை இருமும்போது வாய்க்கு நேராகத் தட்டைப் பிடிப்பார்கள். ஆய்வகத்தில் சில நாள் வெதுவெதுப்பில் வைத்தால், கிருமி இருந்தால் பாதரசத் துளி மாதிரி பளபளவென்று சின்னச் சின்னப் புள்ளிகள் தோன்றும். நோயாளி எத்தனை வாரம் பிறருக்கு நோயைத் தரக்கூடும் என்பதும் இந்தத் தட்டுகளால்தான் துல்லியமாகத் தெரியவந்தது. குழந்தையை எத்தனை நாள் தனியாக வைக்க வேண்டும் என்பதை அதை வைத்தே முடிவுசெய்தார்கள்.

அது பெரும் பொருளாதார மந்தத்தின் காலம். அவர்கள் போன வீடுகள் பலவற்றில் மண்ணெண்ணெய் விளக்குதான். கூலி வேலையும் போய்விட்ட தகப்பன், மூச்சு முட்டி நீலம் பாரித்து இருமும் குழந்தை. நோயையும் பஞ்சத்தையும் சேர்த்தேதான் தெரிந்துகொண்டோம் என்று எல்டரிங் பிற்காலத்தில் நினைவுகூர்ந்திருக்கிறார்.

புதிதாக எடுத்த வீரியமுள்ள கிருமியைத்தான் ஊசிக்குப் பயன்படுத்தினார்கள். ஆய்வகத்தில் வளர்த்துக்கொண்டே போனால் அது வீரியம் இழந்துவிடும். பழைய ஊசிகள் பல தோற்றதற்கு இதுவும் ஒரு காரணம். தயாரித்ததை முதலில் தங்கள் கையிலேயே போட்டுப் பார்த்துக்கொண்டார்கள். 1934-இல் குழந்தைகளுக்குப் போடத் தொடங்கினார்கள்.

கென்ட்ரிக்கை நான் மிகவும் மதிப்பது இதற்குப் பிறகு நடந்ததற்காக. முதல் முடிவுகள் பிரமாதமாக வந்தன. வேறொருவராக இருந்தால் அத்தோடு நிறுத்தியிருப்பார். அதே சமயத்தில் கிளீவ்லாந்தில் நடந்த இன்னொரு சோதனையில், வேறொரு தயாரிப்புக்குச் சொல்லும்படியான பலன் எதுவும் தெரியவில்லை. கென்ட்ரிக்கின் முடிவுகளை ஆராய ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தின் தொற்றுநோயியல் நிபுணர் வேட் ஹாம்ப்டன் ஃப்ராஸ்ட் வந்தார். அவருக்கு நிறைய சந்தேகம். ஊசி போடாத குழந்தைகளைத் தேர்ந்தெடுத்த முறையில் ஓட்டை இருக்கிறது என்றார். கென்ட்ரிக் வாதாடிக்கொண்டிருக்கவில்லை. ஒப்பீட்டுக் குழுவைச் சீர்செய்தார். இரண்டு குழுக் குழந்தைகளையும் செவிலியர்கள் ஒரே மாதிரி தவறாமல் போய்ப் பார்க்க ஏற்பாடு செய்தார். அதற்கு ஆளும் பணமும் வேண்டுமே! அதிபரின் மனைவி எலினோர் ரூஸ்வெல்ட்டை ஆய்வகத்துக்கு அழைத்தார். அவர் வந்து பார்த்துவிட்டுப் போன பிறகு அரசு வேலைத்திட்டத்திலிருந்து கூடுதல் ஆட்கள் கிடைத்தார்கள்.

1939-இல் வெளியான கணக்கு இது. ஊசி போட்ட 1,815 குழந்தைகளில் 52 பேருக்குக் கக்குவான் வந்தது. போடாத 2,397 பேரில் 348 பேருக்கு. ஊசி போட்டவர்களில் வந்த நோயும் பெரும்பாலும் லேசானது. அதன் பிறகுதான் அமெரிக்கக் குழந்தைநல மருத்துவர்களும் மருத்துவச் சங்கமும் 1940களில் இந்த ஊசியை ஏற்றார்கள். மாட்ஸன் ஒரு கதவைத் தட்டினார் என்பது உண்மை. அது நிச்சயமாக வேலை செய்கிறது, இன்ன முறையில் செய்தால் வேலை செய்யும் என்று எண்ணிக் காட்டியது கிராண்ட் ரேபிட்ஸ் ஆய்வகம். தடுப்பூசி விஷயத்தில் இந்த இரண்டாவது வேலையைத் துணை வேலையாக நினைக்கிற பழக்கம் நமக்கு இருக்கிறது. எனக்கு அதில் உடன்பாடே இல்லை. நிரூபிக்கப்படாத ஊசியைத் தாய் தன் குழந்தைக்கு எந்த நம்பிக்கையில் போடுவாள்?

இன்னொன்றும் உண்டு. தயாராகும் ஒவ்வொரு தொகுதி ஊசியும் போதிய வீரியத்தோடு இருக்கிறதா என்று எலிகளில் பார்க்கும் சோதனையை அந்த ஆய்வகம் 1940களில் உருவாக்கியது. இன்றும் அதற்குக் கென்ட்ரிக் சோதனை என்றுதான் பெயர். நம் குன்னூர் பாஸ்டர் நிறுவனம் தயாரித்த முத்தடுப்பு ஊசி போன்ற, கொன்ற கிருமியை முழுசாகவே சேர்க்கும் ‘முழுச்செல்’ கக்குவான் ஊசிகளுக்கு இதுதான் உரைகல். உங்கள் வகுப்புப் பிள்ளைகளும் ஒன்றரை மாதத்திலிருந்தே இந்த வகை ஊசியைத்தான் ஆரம்ப சுகாதார நிலையத்தில் போட்டுக்கொண்டிருப்பார்கள்.

எல்டரிங் பெயரை விடவே கூடாது. கட்டுரைகளில் இருவர் பெயரும் இருக்கிறது. 1951-இல் கென்ட்ரிக் ஓய்வுபெற்ற பிறகு ஆய்வகத்தை நடத்தியவரும் எல்டரிங்தான். மூன்றாவதாக லோனி கார்டன் என்ற கறுப்பினப் பெண். 1940களில் ஆய்வக உதவியாளராகச் சேர்ந்து, ஏராளமான கிருமி மாதிரிகளைச் சலித்து, ஊசிக்கு ஏற்ற வீரியமான வகையைத் தேடிக் கொடுத்தவர். இவர் பெயர் வெளியே தெரியப் பல பத்தாண்டுகள் ஆயிற்று. கென்ட்ரிக்குக்கு நியாயம் கேட்கும் நாம் கார்டனை விட்டுவிட்டால், அதே அநியாயத்தை நாமும் செய்தவர்களாவோம்.

சரி, உங்கள் சார்ட்டுக்கு வருகிறேன். நான் எழுதினால் இப்படி எழுதுவேன்: ‘பேர்ல் கென்ட்ரிக், கிரேஸ் எல்டரிங், லோனி கார்டன். கக்குவான் இருமலுக்கு நம்பகமான தடுப்பூசியை உருவாக்கி, அது குழந்தைகளைக் காக்கும் என்று நிரூபித்த அமெரிக்க ஆய்வகத்தினர்.’ மாட்ஸன் பெயரையும் ஓர் ஓரத்தில் சேர்த்துவிடுங்கள். உங்கள் சக ஆசிரியரையே அந்த வரியை எழுதித் தரச் சொல்லலாம், சந்தோஷப்படுவார். மூவரும் சேர்ந்திருக்கும் சிலை ஒன்றை 2019-இல் கிராண்ட் ரேபிட்ஸில் வைத்திருக்கிறார்கள். கென்ட்ரிக் தனியாக இருக்கும் படத்துக்குப் பதில் அந்தச் சிலையின் படத்தை ஒட்டுங்கள். இடம் போதவில்லை என்றால் படத்தைச் சின்னதாக்கிக்கொள்ளலாம், பெயர்களைக் குறைக்க வேண்டாம்.