வாசகர் கேள்வி – பதில்: நூறு மீட்டர் ஆழத்துப் பவளப்பாரில் ஒரு புதிய மீன்

கேள்வி: மாலத்தீவுக் கடலின் ஆழமான பவளப்பாரில் புதிய டாம்செல் மீன் இனம் ஒன்று கண்டறியப்பட்டதாகப் படித்தேன். தலைமுறை தலைமுறையாகக் கடலில் தொழில் செய்யும் மக்களின் கண்ணில் அது இத்தனை காலம் படாமற்போனது எப்படி?
– வாசகி ஒருவர், உவரி

பதில்: அந்த மீனின் அறிவியல் பெயர் குரோமிஸ் அபாதா. கலிஃபோர்னிய அறிவியல் கழகத்தின் லூயிஸ் ரோஷாவும் மாலத்தீவைச் சேர்ந்த ஆய்வாளர் அகமது நஜீபும் இடம்பெற்ற குழு, 2024ஆம் ஆண்டில் அதனைப் புதிய இனமாக விவரித்து வெளியிட்டது. முத்து வெண்மையும் நீலமும் கலந்த அந்தச் சிறு மீன், நூறு மீட்டரை ஒட்டிய ஆழத்தில் வாழ்கிறது. நீரில் மிதந்து வரும் சிற்றுயிர்களைக் கொத்தித் தின்று, ஆபத்து வந்தால் பாறை இடுக்கில் ஒளியும் இவ்வகை மீன்கள் இரை கோத்த தூண்டிலை நாடுவதில்லை. பெரிய கண் வலையிலும் நிற்பதில்லை. பாறை மீது இழுவலையை இழுத்தால் வலைதான் கிழியும் என்பது உங்கள் ஊரில் எல்லோரும் அறிந்ததே.

ஆய்வாளர்களுக்கும் அந்த ஆழம் வசப்படவில்லை. சாதாரணக் காற்று உருளையுடன் முக்குளிப்பவர்களுக்கு நாற்பது மீட்டரே பொதுவான எல்லை. நூறு மீட்டரில் அழுத்தம் கடல்மட்டத்தில் உள்ளதைப் போலப் பதினோரு மடங்கு. அங்கே சுவாசிக்கும் சாதாரணக் காற்றில் உள்ள நைட்ரஜன் மதியை மயக்கும், ஆக்சிஜனே நஞ்சாகும். நீர்மூழ்கிக் கலம் வைத்திருப்போரோ பெரும்பாலும் அதைவிடப் பல மடங்கு ஆழத்தையே தேடிச் சென்றனர். ஆகவே, முப்பது முதல் நூற்றைம்பது மீட்டர் வரையிலான அந்த மங்கிய ஒளிப் பகுதி இருதரப்பாலும் கைவிடப்பட்டுக் கிடந்தது. வெளிவிடும் மூச்சிலிருந்து கரியமில வாயுவை நீக்கி, வேண்டிய ஆக்சிஜனைச் சேர்த்து, ஹீலியம் கலந்த வாயுவை மீண்டும் சுவாசிக்கத் தரும் கருவி வந்த பிறகே மனிதர் அங்கு இறங்கி வேலை செய்ய முடிந்தது. இறங்குவதற்குச் சில நிமிடங்கள் போதும். உடலில் கரைந்த வாயு தீங்கின்றி வெளியேற, மேலே வருவதற்குப் பல மணி நேரம் ஆகும். அத்தனை பாடுபட்டும் அடித்தளத்தில் கிடைக்கும் நேரம் மிகக் குறைவு. அப்படியிருந்தும், 2008இல் மீன் ஆய்வாளர் ரிச்சர்ட் பைல் குழுவினர் மேற்குப் பசிபிக்கின் ஆழப்பார்களிலிருந்து ஒரே கட்டுரையில், இதே குரோமிஸ் பேரினத்தைச் சேர்ந்த ஐந்து புதிய இனங்களை அறிவித்தனர் என்பதை எண்ணிப் பார்த்தால், அங்கே இன்னும் எவ்வளவு இருக்கும் என்ற வியப்பு எனக்குக் குறையவே இல்லை.

பிடித்த மீனை உயிருடன் கொண்டுவருவதும் கடினம். ஆழத்திலிருந்து தூக்கிய கலவா மீனின் இரைப்பை வாய்வழியே பிதுங்கி நிற்பதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். மீனின் உடலுக்குள் இருக்கும் காற்றுப்பை விரிவதால் நேரும் அந்தக் கேட்டைத் தவிர்க்க, ஆய்வாளர்கள் மீனை அழுத்தக் கலத்தில் வைத்து மெல்ல மெல்ல அழுத்தத்தைக் குறைக்கிறார்கள்.

கேள்வி: இந்த மீன் நம் மன்னார் வளைகுடாவிலும் இருக்குமா?
– கல்லூரி மாணவர், பாளையங்கோட்டை

பதில்: தூத்துக்குடி முதல் இராமேசுவரம் வரை உள்ள 21 தீவுகளைச் சூழ்ந்த பவளப்பாறைகள் சில மீட்டர் ஆழத்திலேயே இருப்பவை; இது அங்கு வாழும் மீன் அன்று. ஆனால் இதன் குடும்பத்தைச் சேர்ந்த, உடலில் கரும்பட்டைகள் கொண்ட சார்ஜண்ட் மேஜர் மீன்களை அங்கே காணலாம்.

கேள்வி: மனிதர் எளிதில் செல்ல முடியாத ஆழம் என்பதால், அந்தப் பார்கள் பாதுகாப்பாக இருக்கும் அல்லவா?
– ஆசிரியர் ஒருவர், வள்ளியூர்

பதில்: அப்படி நம்பவே எனக்கும் விருப்பம், ஆனால் சான்று வேறாக உள்ளது. லூயிஸ் ரோஷாவும் பங்கேற்று 2023இல் வெளியான ஓர் ஆய்வில், 14 நாடுகளில் பார்வையிட்ட 84 பவளப்பார்களில் 77இல் குப்பை கண்டறியப்பட்டது. கண்ணுக்குத் தெரியும் அளவிலான குப்பையில் 88 விழுக்காடு பிளாஸ்டிக். அதில் பெரும்பகுதி மீன்பிடிக் கயிறும் வலையும் தங்கூசி என்னும் தூண்டில் நரம்பும். அதைவிட வருத்தம் தருவது, ஆழம் கூடக் கூடக் குப்பையும் கூடியிருந்தது. மேலே அலை அடித்துச் செல்லும், கரையை ஒட்டி யாரேனும் அகற்றுவர். ஆழத்தில் சிக்கிய நைலான் அங்கேயே பவளத்தைச் சுற்றிக் கிடக்கும். இதற்காக மீனவரைக் குற்றவாளியாக்குவது நியாயமன்று. பாறையில் மாட்டிய வலையை அவர் இழப்பது அவருக்கே பெருநட்டம். கிழிந்த வலையைக் கரையிலேயே எடைக்கு விலை கொடுத்து வாங்கும் ஏற்பாடு, கூடுதாழை முதல் கூட்டப்புளி வரை ஒவ்வொரு கடற்கரை ஊரிலும் நிரந்தரமாக இருக்க வேண்டும் என்பது என் கருத்து.