குவார்ட்ஸ் படிகம் கடிகாரத்தில் நேரத்தை எப்படிக் கணக்கிடுகிறது?

குவார்ட்ஸ் என்பது சிலிக்கனும் ஆக்சிஜனும் சேர்ந்த படிகம். அதை அழுத்தினால் மின்னழுத்தம் பிறக்கும்; இதை 1880இல் கியூரி சகோதரர்கள் கண்டறிந்தார்கள். மாறாக, மின்னழுத்தம் கொடுத்தால் படிகம் லேசாக நெளியும்.

கைக்கடிகாரத்தில் இந்தப் படிகத்தை இசைக்கவை வடிவில், அதாவது இரண்டு கிளைகள் கொண்ட கவைபோல வெட்டி, காற்று நீக்கிய சிறு உலோகக் குப்பியில் அடைத்திருப்பார்கள். மின்சுற்று தட்டிக்கொடுக்க, அது விநாடிக்கு 32,768 முறை அதிரும். ஊஞ்சலை மெல்லத் தள்ளினாலும் பலமாகத் தள்ளினாலும் அது தன் தாளத்தில்தானே ஆடும்? அதைத் தீர்மானிப்பது கயிற்றின் நீளம். இங்கே கவையின் அளவும் வடிவமும்.

ஏன் 32,768? 2ஐ 15 முறை பெருக்கினால் வரும் எண் அது. சுற்று அதைப் பதினைந்து முறை பாதியாக்கினால் விநாடிக்குச் சரியாக ஒரு துடிப்பு மிஞ்சும்; அதுவே முள்ளை நகர்த்துகிறது. எவ்வளவு அழகான ஏற்பாடு!

இந்தக் கவை 25 டிகிரி செல்சியஸை ஒட்டித்தான் சரியாக ஓடும். 45 டிகிரியில் கிடந்தால் நாளுக்கு ஒரு விநாடிக்குச் சற்று மேல் பின்தங்கும். 5 டிகிரிக் குளிரிலும் அதே கதைதான், முந்தாது. கையில் கட்டியிருந்தால் உடல் சூடு வெப்பநிலையை ஓரளவு சீராக வைத்திருக்கும். பலமாகக் கீழே விழுந்தால் கவை உடைந்துபோகலாம்.

படிகமே கடிகாரத்தை இயக்கும் சக்தியைத் தருகிறது என்று பலர் நினைக்கிறார்கள். சக்தி பேட்டரியுடையது, படிகம் தருவது தாளம் மட்டுமே.