வீட்டுக் கடன் கேள்வி-பதில்: இன்னும் எத்தனை மாதம் பாக்கி?

இந்த முறை வந்த கடிதங்களில் முக்கால்வாசி வீட்டுக் கடன் பற்றியவை. வட்டி எவ்வளவு, எத்தனை வருடம் பாக்கி, ஃப்ளோட்டிங்கா (மாறும் வட்டி) ஃபிக்ஸடா (மாறாத வட்டி) என்ற மூன்றையும் எழுதாதவர்களுக்குப் பொதுவான பதில்தான் கிடைக்கும். கணக்கெல்லாம் கிட்டத்தட்டத்தான், நூறு இருநூறு ரூபாய் வித்தியாசத்தைச் சுட்டிக்காட்டிக் கடிதம் போட வேண்டாம். வேறு எதுவும் சொல்லாத இடத்தில் வட்டி 8 சதவீதம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

50 லட்சம் கடன் வாங்கப் போகிறேன். 20 வருடம் போடலாமா, 30 வருடமா? வங்கியில் 30 வருடம் போடச் சொல்கிறார்கள். தவணை குறையுமாம்.
*— வாசகர், மறைமலை நகர்*

குறையும். 20 வருடத்துக்கு மாதம் 41,800. 30 வருடத்துக்கு 36,700. மாதம் 5,100 ரூபாய் மிச்சம். இப்போது மொத்தத்தைப் பாருங்கள். 20 வருடத்தில் நீங்கள் கட்டுவது 1 கோடி. 30 வருடத்தில் 1 கோடியே 32 லட்சம். வங்கி ஏன் 30-ஐச் சிபாரிசு செய்கிறது என்று இனி நான் விளக்க வேண்டியதில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு 47,800 கட்ட முடிந்தால் 15 வருடத்தில், மொத்தம் 86 லட்சத்தில் முடித்துவிடலாம்.

நிலையான சம்பளம் இல்லாதவர்கள், "30 வருடம் போட்டுக்கொள்கிறேன், கையில் பணம் வரும்போதெல்லாம் கூடுதலாகக் கட்டுகிறேன்" என்பார்கள். நல்ல திட்டம்தான். சொன்னபடி கட்டியவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை.

ஐந்து வருடமாக ஒரு மாதம்கூடத் தவறாமல் 41,800 கட்டுகிறேன். 25 லட்சம் கட்டியாகிவிட்டது. ஆனால் 50 லட்சம் கடனில் இன்னும் ஏறக்குறைய 44 லட்சம் பாக்கி என்கிறது வங்கி. இது மோசடியா?
*— வாசகர், ஓசூர்*

மோசடி இல்லை, கணக்கு சரி. உங்கள் முதல் மாதத் தவணையில் 33,300 வட்டிக்குப் போனது. அசலில் கழிந்தது 8,500. வட்டி எப்போதும் மிச்சமிருக்கும் அசலுக்குத்தான் போடப்படும் என்பதால், ஆரம்ப வருடங்களில் அசல் நகரவே நகராது. 20 வருடக் கடனில் அசல் பாதியாவதற்கே பதின்மூன்றரை வருடம் ஆகும். கடன் வாங்கும் அன்றே தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கிப் படித்திருந்தால் இந்த அதிர்ச்சி ஐந்து வருடம் முன்பே வந்திருக்கும்.

தனியார் ஃபைனான்ஸில் 10 லட்சத்துக்கு 7 சதவீதம் ஃப்ளாட் வட்டி, 15 வருடம் என்கிறார்கள். வங்கியைவிடக் குறைவுதானே?
*— வாசகி, கரூர்*

இல்லை. ஃப்ளாட் என்றால் அசல் குறையக் குறைய வட்டி குறையாது, கடைசி வரை முழு 10 லட்சத்துக்கும் வட்டி. வங்கி போடும் குறையும் வட்டிக் கணக்குக்கு மாற்றினால் இது கிட்டத்தட்ட 11 சதவீதம். ஃப்ளாட் என்ற சொல் காதில் விழுந்ததும் எழுந்து வந்துவிடுங்கள்.

2021 கடைசியில் 6.5 சதவீதத்தில் 50 லட்சம் வாங்கினேன், 20 வருடம். தவணை 37,300. நடுவில் வட்டி ஏறியபோது நண்பர்களுக்கெல்லாம் தவணை கூடியது. என் வங்கி நல்ல வங்கி, ஒரு ரூபாய்கூட ஏற்றவில்லை. இப்போது வட்டி 7.75-க்கு இறங்கிவிட்டது. ஆனால் ஆப்பில் இன்னும் 267 தவணை பாக்கி என்று காட்டுகிறது. ஏதாவது தொழில்நுட்பக் கோளாறா?
*— வாசகர், வேளச்சேரி*

கோளாறு ஆப்பில் இல்லை. "நல்ல வங்கி" என்று நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டுச் சற்று நேரம் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன்.

நடந்தது இதுதான். 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் தரும் புதிய ஃப்ளோட்டிங் வீட்டுக் கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைத்தாக வேண்டும். பெரும்பாலும் அது ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி. நீங்கள் வாங்கியபோது ரெப்போ 4 சதவீதம். 2022 மே முதல் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.5-ஐத் தொட்டது. உங்கள் 6.5 அப்படியே 9 ஆனது. 9 சதவீதத்தில் உங்கள் கடனுக்கு மாத வட்டி மட்டும் 36,000. நீங்கள் கட்டியது 37,300. அதாவது அசலுக்குப் போனது ஆயிரத்துச் சொச்சம்.

தவணையை ஏற்றாமல் வட்டியை ஏற்றினால் வங்கிக்கு இருக்கும் ஒரே வழி காலத்தை நீட்டுவது. 9 சதவீத உச்சத்தில் உங்கள் கடன் முடிய, கணக்குப்படி, இன்னும் 38 வருடம் ஆகியிருக்கும். புதிதாகப் போய் 38 வருடக் கடன் கேட்டிருந்தால் உங்கள் வங்கி தந்திருக்காது. ஏற்கெனவே வாங்கியவரை அங்கே கொண்டுபோய் நிறுத்துவதில் மட்டும் அதற்குத் தயக்கம் இருக்கவில்லை. 2025-ல் ரெப்போ 6.5-லிருந்து 5.25 வரை இறங்கியதால்தான் இப்போது 267 மாதத்துக்கு வந்திருக்கிறீர்கள். நாலு வருடத்துக்கு மேல் கட்டி, 19 லட்சம் கொடுத்து, அசலில் கழிந்தது இரண்டரை லட்சம். வாங்கிய அன்று 20 வருடம் பாக்கி. இன்று 22 வருடம் பாக்கி.

இதைப் பல வருடமாக எழுதிக்கொண்டிருக்கிறேன், யாரும் கேட்பதாகத் தெரியவில்லை. நம் ஊரில் தவணை ஐந்நூறு ரூபாய் கூடினால் கிளைக்குப் போய்ச் சண்டை போடுவார்கள். காலம் பத்து வருடம் கூடினால் யாருக்கும் தெரிவதில்லை. சம்பளத்திலிருந்து பிடிக்கும் தொகை மாறவில்லையே, அது போதும். வங்கிகளுக்கும் இது வசதி. ஒரு எஸ்.எம்.எஸ். அனுப்பிவிட்டால் கடமை முடிந்தது. அந்த எஸ்.எம்.எஸ்.ஸை விளம்பரம் என்று நினைத்து அழித்துவிடுவீர்கள்.

ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட்டில் இதற்கென்றே ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்ற தேர்வைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். கட்டும் தவணை வட்டிக்கே போதாமல் போகும் அளவுக்கு நீட்டக்கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை போன வட்டி, கழிந்த அசல், பாக்கித் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் கொண்ட ஸ்டேட்மென்ட் கிடைக்கச் செய்ய வேண்டும். பழைய கடன்களுக்கும் இது பொருந்தும்.

நீங்கள் செய்ய வேண்டியது: தவணையை 43,500 ஆக்கச் சொல்லி எழுத்தில் கொடுங்கள். வாய்மொழியாகச் சொல்லிவிட்டு வராதீர்கள். எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்குங்கள். மாதம் 6,200 கூடும், ஆனால் கடன் முதலில் சொன்னபடி 2041-லேயே முடியும். வட்டி இப்படியே இருந்தால் மிச்சம் 17 லட்சம். அடுத்த முறை வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லிக் கேட்காதீர்கள்.

போனஸ் 3 லட்சம் வந்திருக்கிறது. வீட்டுக் கடனில் கட்டலாமா?
*— வாசகர், ஊர் எழுதவில்லை*

ஊரை விடுங்கள், வட்டியும் எழுதவில்லை, பாக்கியும் எழுதவில்லை. உங்களுக்கு என்ன பதில் சொல்வது? மேலே ஓசூர்க்காரர் கணக்கையே எடுத்துக்கொள்கிறேன். அவர் இன்று 3 லட்சம் கட்டி, தவணையை அப்படியே வைத்துக்கொண்டால், 22 தவணை குறையும். 22 மாதம் 41,800 என்றால் 9 லட்சத்துக்கு மேல். 3 லட்சம் கட்டி 9 லட்சம் தப்பித்தார். "தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?" என்று கவுண்டரில் கேட்பார்கள். காலம் என்று சொல்லுங்கள். எழுத்தில் கொடுங்கள். தனிநபர் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது, கேட்டால் கொடுக்காதீர்கள்.

ஆறு மாதச் செலவுக்குப் பணம் கையில் இல்லையென்றால் முதலில் அதை ஒதுக்குங்கள். கிரெடிட் கார்டு பாக்கி இருந்தால் அதற்கும் முன்னால் அது.

கடனோடு சேர்த்து 1.6 லட்சம் ரூபாய்க்குக் காப்பீடு எடுத்தால்தான் ஃபைல் நகரும் என்கிறார் மேனேஜர். பணம் கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடுவார்களாம். பரவாயில்லைதானே?
*— வாசகி, திருச்சி*

பரவாயில்லையா? கடனில் சேர்த்த அந்த 1.6 லட்சத்துக்கு 20 வருடம் வட்டி ஓடும். நீங்கள் கடைசியில் தருவது 3.2 லட்சம். ஆயுள் காப்பீடு எடுத்தால்தான் கடன் என்று ரிசர்வ் வங்கி விதி எதுவும் இல்லை. "கட்டாயம்" என்பதை எழுதித் தரச் சொல்லுங்கள், பேச்சு மாறும். குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும், அதில் சந்தேகமில்லை. அதைத் தனியாக ஒரு டெர்ம் பாலிசியாக (இறந்தால் மட்டும் பணம் தரும் காப்பீடு) எடுங்கள், வருடா வருடம் பிரீமியம் கட்டுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு இருக்கும்.

2024 அக்டோபரிலிருந்து எல்லா வீட்டுக் கடனுக்கும் முக்கிய விவர அறிக்கை என்று ஒரு தாள் தர வேண்டும். கட்டணம், காப்பீடு எல்லாம் சேர்ந்த உண்மையான வருட வட்டி அதில் இருக்கும். விளம்பரத்தில் பார்த்த வட்டியோடு அதை ஒப்பிட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். ஏற்கெனவே பாலிசி எடுத்துவிட்டவர்கள் அது கைக்கு வந்த 30 நாளுக்குள் திருப்பிக் கொடுக்கலாம்.

கடனை அடைத்தால் வரிச்சலுகை போய்விடும், அடைக்காதே என்கிறார் அலுவலக நண்பர்.
*— வாசகர், கோவை*

2 லட்சம் வட்டிக் கழிவால் 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கு மிச்சம் 62,000. அதற்காக 2 லட்சம் வங்கிக்குப் போகிறது. புதிய வரி முறையில் இருந்தால் சொந்தக் குடியிருப்புக்கு அந்த 62,000-மும் இல்லை. நண்பர் எந்த முறையில் இருக்கிறார் என்று கேளுங்கள்.

வாடகை 20,000 கொடுக்கிறேன். அதையே இ.எம்.ஐ.யாகக் கட்டினால் வீடு சொந்தமாகிவிடும் என்கிறார் புரோக்கர்.
*— வாசகர், பெரம்பூர்*

மாதம் 20,000-க்கு 20 வருடத்தில் கிடைக்கும் கடன் 24 லட்சம். நீங்கள் இப்போது இருக்கும் வீட்டை 24 லட்சத்துக்கு விற்கத் தயாராக இருப்பவரை அந்தப் புரோக்கர் காட்டட்டும், நானும் வருகிறேன். 60 லட்சம் கடன் என்றால் தவணை 50,000. முன்பணம் தனி. முத்திரைத்தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம் பத்திரச் செலவு. பொதுவாக அதற்கு வங்கி கடன் தராது. அப்புறம் சொத்து வரி, பராமரிப்பு. இதற்கெல்லாம் பெர்சனல் லோன் எடுக்கலாமா என்று அடுத்த கடிதத்தில் கேட்பீர்கள். கூடாது.

4 வருடம், 11 லட்சம் பாக்கி. வேறு வங்கியில் 0.4 சதவீதம் குறைவு. மாறலாமா?
*— வாசகர், ஈரோடு*

வேண்டாம். மிச்சமாவது மொத்தமே 9,000 சொச்சம். செயல்பாட்டுக் கட்டணம், சட்டக் கருத்து, மதிப்பீடு, மறுபடி எம்.ஓ.டி. (பத்திரத்தை வங்கியில் அடமானம் வைத்ததற்கான ஆவணம்) பதிவு என்று அதைவிட அதிகம் போகும். உங்கள் வங்கியிலேயே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள்.

2014-ல் 50 லட்சத்துக்கு வாங்கிய ஃப்ளாட்டை 95 லட்சத்துக்கு விற்றேன். 45 லட்சம் லாபம். உங்களைப் போன்றவர்கள் ரியல் எஸ்டேட்டைக் குறை சொல்வது ஏன்?
*— வாசகர், அண்ணா நகர்*

வாழ்த்துகள். 40 லட்சம் கடன், 20 வருடத்துக்கு, 9 சதவீதம், அதில் 11 வருடம் கட்டினேன் என்றும் எழுதியிருக்கிறீர்கள். அப்படியென்றால் கட்டிய வட்டி 34 லட்சம். அன்றைய பத்திரச் செலவு 8 சதவீதம், 4 லட்சம். 45-ல் இவற்றைக் கழித்தால் 7 லட்சம். அதில் பராமரிப்பும் விற்றபோது கொடுத்த கமிஷனும் இன்னும் கழியவில்லை. 11 வருடம் வாடகை மிச்சமானது உண்மை, அதை உங்கள் பக்கம் சேர்த்துக்கொள்ளுங்கள். ஃப்ளாட் உங்களுக்கு நஷ்டம் தரவில்லை. ஆனால் 45 லட்சம் லாபம் என்று மைத்துனரிடம் சொல்லி அவரையும் வாங்க வைக்காதீர்கள்.

கடன் முடிந்து நாலு மாதம் ஆகிறது. மூலப்பத்திரம் வரவில்லை. "ஹெட் ஆபீஸிலிருந்து வர வேண்டும்" என்கிறார்கள்.
*— வாசகி, மதுரை*

முழுக் கடனும் அடைந்த 30 நாளுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பரிலிருந்து இதுதான் விதி. நாலு மாதத்தில் முதல் மாதத்தைக் கழித்தாலும் நாலரை லட்சம் ஆகிறது. இதைக் குறிப்பிட்டு வங்கியின் குறைதீர் பிரிவுக்கு எழுத்தில் கொடுங்கள். 30 நாளில் சரியாகாவிட்டால் ரிசர்வ் வங்கி ஆம்புட்ஸ்மேனுக்கு (குறைதீர்ப்பாளர்) ஆன்லைனில் புகார் செய்யலாம், செலவில்லை.

பத்திரம் வந்ததும் பீரோவில் வைத்துப் பூட்டிவிடாதீர்கள். சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி. ரத்து ரசீதைப் பதிய வேண்டும். அதற்கு வங்கி அதிகாரியின் கையெழுத்து வேண்டும் என்பதால் இப்போதே தேதி கேளுங்கள். பதிந்து சில நாள் கழித்து வில்லங்கச் சான்று போட்டு, ரத்து ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.